முன்சீப் கேட்ட கேள்வி



இடமாற்றக் கடிதம் கண்டால் என்னைப் போன்ற அரசு ஊழியர் முகம் சுளிப்பதுண்டு. ஆயின், 1880-இல் ஓர் இடமாற்றம் தமிழுக்கே வரமாயிற்று. அரியலூரிலிருந்து கும்பகோணத்திற்கு முன்சீப்பாக மாற்றலாகி வந்தவர் சேலம் இராமசுவாமி முதலியார். அவ்வாண்டு அக்டோபர் 21-ஆம் நாள், முன்னறிமுகமற்ற அவரைக் கல்லூரித் தமிழாசிரியர் உ. வே. சாமிநாதையர் காணச் சென்றார். தாம் கற்ற அந்தாதிகள், பிள்ளைத்தமிழ்கள், கோவைகளைப் பெருமிதத்தோடு அடுக்கினார். முதலியார் வியக்கவில்லை, சீவக சிந்தாமணியைப் படித்ததுண்டா என்று வினவினார். ஐயர் படித்ததில்லை.

முதலியாரே பிறகு கையெழுத்துப் படியொன்றை அளித்தார். திருவாவடுதுறைச் சைவ மடத்தில் பயின்ற ஐயர், அச்சமண காப்பியத்தின் பொருள் விளங்காத இடங்களைச் சமணர் இல்லங்களுக்கே சென்று கேட்டறிந்தார். இப்பணிவையே அடியேன் பெரிதும் போற்றுகிறேன். 1887-இல் சிந்தாமணி அச்சேறியது. 1892-இல் சிலப்பதிகாரமும் 1898-இல் மணிமேகலையும் அவர் பதிப்பில் வெளிவந்தன.