திரும்பி வரும் குரல்

 

ஒலியும் காலமும் தம்முள்ளே மடிந்துகொள்ளும் இடம் ஒன்றுண்டு. 2014 வரை பீஜப்பூர் என வழங்கிய விஜயபுராவில், முகம்மது ஆதில் ஷாவின் சமாதியாகிய கோல் கும்பாஸ், 1656-ல் முடிவுற்றது. குவிமாடத்தின் உட்புற விட்டம் சுமார் 124 அடி. விநாடிக்கு ஏறத்தாழ 1,100 அடி செல்லும் ஒலி அதனைக் கடக்க விநாடியில் ஒன்பதிலொரு பங்கு போதும். வளைந்த சுவர் அதைச் சிதறவிடாது திருப்பித் திருப்பி அனுப்புவதால் ஒரு சொல் பலமுறை கேட்கிறது. (ரயில் நேரம் கணக்கிட்டே பழகிய குமாஸ்தாவுக்கு இக்கணக்கு இனித்தது.)

2016-ல் என் தந்தையாரை அங்கு அழைத்துச் சென்றேன். குவிமாடத்தின் அடியைச் சுற்றிவரும் மாடத்தில், எதிர்ப்புறம் நின்று, மெல்லத் "தம்பி" என்றார். என் காதருகே கேட்டது. "அப்பா!" என்றேன். என் குரல் அடங்குமுன் அவர் குரல் மீண்டும் வந்தது. எது முந்தியது, எது பிந்தியது என அறியக் கூடவில்லை.

அவர் மறைந்தபின், சென்ற ஆண்டு என் மகனுடன் சென்றேன். அவன் அதே எதிர்ப்புறம் நின்று "அப்பா!" என்றான். அது பலமுறை திரும்பிற்று. அவற்றுள் ஒன்று என் குரலாகவே ஒலித்தது. நான் விடை கூறாது நின்றேன். "அப்பா, உங்களுக்குக் கேட்கவில்லையா?" என்று அவன் மாடத்தைச் சுற்றி ஓடி வந்தான்.