தந்தை சிவராஜ் அமர்ந்த நாற்காலி



ஆவடி என்றால் அரசியல் படித்தவர்களுக்கு 1955 காங்கிரஸ் மாநாடு நினைவுக்கு வரும். எனக்கு நினைவுக்கு வருபவர் வேறொருவர்: 1957இல் செங்கல்பட்டு இரட்டை உறுப்பினர் தொகுதியிலிருந்து மக்களவைக்குப் போன என். சிவராஜ். அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லி எல்லாம் அன்றைக்குச் செங்கல்பட்டு மாவட்டம்தான். சமூகவியல் முதுகலை படித்த இரண்டு ஆண்டுகளில் அவர் பெயரை நான் ஒரு வகுப்பிலும் கேட்டதில்லை. ஒரு படிப்பகச் சுவரில் மாட்டியிருந்த படத்தில்தான் முதலில் பார்த்தேன்.

1926 முதல் பத்தாண்டுக்கு மேல் சென்னை மாகாணச் சட்டமன்றம், பிறகு மத்திய சட்டசபை, 1945இல் சென்னை மேயர். பட்டியல் சாதியிலிருந்து அந்த நாற்காலிக்கு வந்த முதல் மனிதர். இந்த ‘முதல்’ என்ற சொல்லுக்குக் கைதட்டிவிட்டு நாம் எழுந்து போய்விடுகிறோம்.

அன்றைய மேயர் ஓராண்டுக்குத்தான். அவரைத் தேர்ந்தெடுப்பவர்கள் கவுன்சிலர்கள். நிர்வாகம் அரசு நியமிக்கும் கமிஷனர் கையில். மேயருக்கு அங்கி உண்டு, கூட்டத்தை நடத்தும் உரிமை உண்டு. சிவராஜின் பலம் அந்த அங்கியில் இல்லை. 1942இல் நாக்பூரில் தொடங்கிய பட்டியல் சாதியினர் கூட்டமைப்புக்கு, நம் பெரியவர்கள் சொல்லும் ‘பெடரேஷனுக்கு’, அவர்தான் தலைவர். மேயராகும் முன்பே அவருக்குப் பின்னால் ஓர் அமைப்பு இருந்தது.

ஆனால் மேயரான மறு ஆண்டு, 1946 மாகாணத் தேர்தலில் என்ன நடந்தது? நம் மக்கள் மட்டும் வாக்களித்த முதற்கட்டத்தில் பல இடங்களில் முந்திய பெடரேஷன் வேட்பாளர்கள், எல்லோரும் வாக்களித்த இறுதிச் சுற்றில் தோற்றார்கள். நாடு முழுக்க ஓரிரு இடங்களே மிஞ்சின. பூனா ஒப்பந்தம் போட்ட பாதை அது. நம்மில் ஒருவர் மாநகரின் முதல் குடிமகன் ஆகலாம். நம் மக்கள் தாங்களே பொறுக்கியெடுத்தவர் சட்டமன்றத்துக்குள் நுழைய முடியாது.

இப்போது ஆவடிக்கு வருகிறேன். 2019இல் மாநகராட்சி ஆனது, 48 வார்டுகள். 2022இல் மேயர் பதவி பட்டியல் சாதிக்கு ஒதுக்கப்பட்டது. சென்னையும் தாம்பரமும் பட்டியல் சாதிப் பெண்களுக்கு. இது போராடிப் பெற்ற உரிமை, இளக்காரமாகப் பேச மாட்டேன். அமர்ந்திருக்கும் தனிமனிதரைக் குறை சொல்லவும் வரவில்லை. ஆனால் மேயரை இப்போதும் கவுன்சிலர்களே தேர்ந்தெடுக்கிறார்கள். கட்சி சொல்லும் பெயருக்குக் கை உயர்கிறது. நிர்வாகம் இன்னமும் ஆணையர் கையில்.

2024இல் இதே ஆவடியில் பாதாளச் சாக்கடைக்குள் இறங்கிய ஒப்பந்தத் தொழிலாளி ஒருவர் விஷவாயு தாக்கிச் செத்தார். மலக்குழிக்குள் மனிதரை இறக்கத் தடைச் சட்டம் 2013இலேயே வந்துவிட்டது. நாற்காலிக்கு ஒதுக்கீடு வந்து சில ஆண்டுகள் ஆகின்றன. குழிக்குள் இறங்கும் வேலையை யாருக்கு என்று சாதி ஒதுக்கியது எத்தனை நூற்றாண்டுக்கு முன்பு?

மாணவர்களிடம் ஒரு வேலை தருகிறேன். தகவல் உரிமைச் சட்டத்தில் மாமன்றத் தீர்மானங்களைக் கேட்டு வாங்குங்கள். சாக்கடை வேலை ஒப்பந்தத்தில் என்ன நிபந்தனை போட்டார்கள், 48 பேரில் யார் எழுந்து கேள்வி கேட்டார்கள் என்று பாருங்கள். செப்டம்பர் 29 சிவராஜ் பிறந்த நாள். 1964இல் அவர் மறைந்ததும் அதே நாளில்தான். அதற்குள் கொண்டு வந்தால் அன்றைக்கு இதே இடத்தில் உட்கார்ந்து சேர்ந்து படிப்போம்.