ஸரு ஸோபா: குளிர்ந்த நூடுல்ஸும் அதன் சாறும்

(மகளிர் பிரிவுக் கூட்டத்தில் சமையல் செய்முறை விளக்கத்தோடு ஆற்றிய உரை)



இன்று ஒரு ஜப்பானியப் பதார்த்தத்தைப் பற்றிப் பேசச் சொல்லியிருக்கிறார்கள். பெயர் ஸரு ஸோபா. உட்காருகிற ஸோபா இல்லை! ஸோபா என்பது பக்வீட் மாவில் செய்த மெல்லிய நூடுல்ஸ். வடக்கே வசிக்கும் அங்கத்தினர்களுக்கு இந்த மாவு புதிதல்ல. நவராத்திரி விரதத்தில் அங்கே பூரியும் பக்கோடாவும் செய்கிற குட்டு மாவு இதுதான். நெல், கோதுமை போலப் புல் இனத்தைச் சேர்ந்ததல்ல. ஆகவே விரதத்துக்கு ஆகும் என்பது அவர்கள் கணக்கு. ஸரு என்றால் மூங்கில் வடிதட்டு, நம் சிப்பல் தட்டு மாதிரி. வெந்த நூடுல்ஸை ஜில்லென்ற தண்ணீரில் அலசி, மூங்கில் தட்டில் வடியவிட்டு, பக்கத்தில் ஒரு கிண்ணத்தில் குளிர்ந்த சாறு வைத்துத் தொட்டுத் தொட்டுச் சாப்பிடுவார்கள். ஜப்பானில் ஆகஸ்ட் மாதப் புழுக்கம் சென்னைக்குச் சளைத்ததல்ல. அப்போது இதைவிட இதமானது இல்லை.

என் பிள்ளை குடும்பத்தோடு டோக்கியோவில் இருக்கிறான். நானும் என் கணவரும் இரண்டு தடவை போய்த் தங்கினோம். வெளியே போனால் பேரன் ஸோபா கேட்பான்; நாங்கள் கையில் கொண்டுபோன தயிர் சாதத்தைப் பிரிப்போம். "மாவும் தண்ணீரும்தானே பாட்டி, நீயும் சாப்பிடேன்" என்பான். நூடுல்ஸைப் பொறுத்தவரை அவன் சொன்னது வாஸ்தவம். சங்கடமெல்லாம் சாற்றில் இருக்கிறது.

அந்தச் சாற்றுக்கு அடிப்படை 'தாஷி' என்கிற தெளிவான கஷாயம். சாதாரணமாக அதைக் கட்ஸுவோ என்ற மீனிலிருந்து எடுப்பார்கள். மீனை வேகவைத்து, புகை போட்டு, மரக்கட்டை போலாகும்வரை உலர்த்தி, சீவிச் சீவி வெந்நீரில் போட்டு வடிகட்டிவிடுவார்கள். கிண்ணத்தில் பார்த்தால் ஒன்றும் தெரியாது. கேட்டால் "மீன் இல்லை" என்று பதில் வரும். பொய் சொல்வதாக அர்த்தமில்லை. துண்டு மீன் இல்லை என்பதே அவர்கள் எண்ணம். கடையில் விற்கும் பாட்டில் சாறும் தாஷிப் பொடியும் பெரும்பாலும் இதே வகைதான்.

இதற்கு வழி ஜப்பானிலேயே இருக்கிறது. பௌத்த மடங்களின் சமையலுக்கு 'ஷோஜின் ரியோரி' என்று பெயர். மாமிசம், மீன் மட்டுமல்ல, வெங்காயம், பூண்டும் சேர்க்க மாட்டார்கள். அங்கே தாஷி எடுப்பது கொம்பு என்ற கடற்பாசியிலும், உலர்ந்த ஷிடாகே காளானிலும். கடற்பாசியா என்று முகம் சுளிக்க வேண்டாம். நாம் புட்டிங்குக்குப் போடும் சைனா கிராஸும் கடற்பாசியிலிருந்து வருவதுதான். 1908-இல் கிகுனாயே இகேடா என்ற டோக்கியோ பேராசிரியர், கொம்புவின் ருசிக்குக் காரணம் குளூட்டமேட் என்று கண்டு, அந்த ருசிக்கு 'உமாமி' என்று பெயர் வைத்தார். உலர்ந்த ஷிடாகேயில் குவானிலேட் என்ற வேறொரு பொருள் உண்டு. இரண்டும் சேர்ந்தால் ருசி பல மடங்காகிறது. மீன் செய்கிற வேலையைக் காளான் செய்துவிடுகிறது.

நாலு பேருக்கு அளவு சொல்கிறேன். மூன்று டம்ளர் தண்ணீரில் உள்ளங்கை அகலக் கொம்பு ஒன்று, ஷிடாகே நாலு போட்டு இரவு முழுவதும் ஃபிரிட்ஜில் ஊறட்டும். கொம்புவின் மேலிருக்கும் வெள்ளைப் பொடி அழுக்கல்ல, கழுவிவிடாதீர்கள். மறுநாள் சிறு தீயில் வைத்து, கொதி வருமுன் கொம்புவை எடுத்துவிட வேண்டும். கொதித்தால் வழவழப்பும் கசப்பும் இறங்கும். பிறகு வடிகட்டி, அதில் இரண்டு டம்ளருக்கு அரை டம்ளர் சோயா சாஸும் இரண்டு மேஜைக் கரண்டி சர்க்கரையும் சேர்த்து ஒரு கொதி விட்டு, ஆறியதும் குளிர வையுங்கள். புத்தகங்களில் சர்க்கரைக்குப் பதில் 'மிரின்' என்றிருக்கும். அது அரிசியில் செய்த மது, சுமார் 14 சதவீதம் ஆல்கஹால். நான் வாங்குவதில்லை. சர்க்கரையே போதும். ஊறிய காளானையும் கொம்புவையும் பொடியாக நறுக்கி, சோயா சாஸும் சர்க்கரையும் விட்டுச் சுண்ட வைத்தால் சாதத்துக்குத் தொட்டுக்கொள்ள ஆயிற்று.

நூடுல்ஸை வீட்டில் செய்வது சிரமம். குட்டு மாவில் பசை கிடையாது, மாவு ஒட்டாமல் உடையும். அதனால் ஜப்பானில் எட்டுப் பங்குக்கு இரண்டு பங்கு கோதுமை மாவு சேர்த்து, இட்டு, மடித்து, கத்தியால் நறுக்குகிறார்கள். பூட்டானில் பும்தாங் பக்கம் இதே மாவை மர அச்சில் வைத்து, நம் ஸேவை நாழி போலப் பிழிகிறார்கள். நாம் உலர்ந்த பாக்கெட்டே வாங்குவோம். பொருள் பட்டியலில் பக்வீட் முதலில் இருக்கிறதா என்று பாருங்கள். கோதுமை முதலில் இருந்தால் பெயருக்குத்தான் ஸோபா.

ஆளுக்கு 100 கிராம். 100 கிராமுக்கு ஒரு லிட்டர் வீதம் தண்ணீர் தளதளவென்று கொதிக்க வேண்டும். உப்பு வேண்டாம். பாக்கெட்டில் போட்ட நிமிஷக் கணக்குப்படி, பெரும்பாலும் ஐந்து நிமிஷம். வடித்த தண்ணீரைக் கொட்டாதீர்கள், விஷயம் இருக்கிறது. நூடுல்ஸைக் குழாயடியில் வைத்துக் கையால் தேய்த்துத் தேய்த்து அலசுங்கள். மேல் பசை போனால்தான் இழை இழையாக நிற்கும். கடைசியாக ஐஸ் தண்ணீரில் ஒரு முக்கு. துருவிய இஞ்சியும் முள்ளங்கியும், வறுத்த எள்ளும் தனியே வையுங்கள். நுனியை மட்டும் சாற்றில் தோய்த்து, சத்தமாக உறிஞ்ச வேண்டும். நம் வீட்டில் செய்தால் திட்டு விழும். அங்கே அதுதான் முறை.

முடிந்ததும் மிச்சச் சாற்றில் அந்த வடித்த கஞ்சியைச் சூடாக விட்டுக் குடிப்பார்கள். 'ஸோபா யு' என்று பெயர். எனக்கு நூடுல்ஸைவிட இதுதான் பிடிக்கும்.

ஒரு ஜாக்கிரதை. பக்வீட் சிலருக்குக் கடும் ஒவ்வாமை தரும். ஜப்பானில் இது சேர்ந்த உணவுப் பாக்கெட்டில் அதைக் குறிப்பிட வேண்டும் என்பது சட்டம். பழகாதவர்கள், முக்கியமாகக் குழந்தைகள், முதலில் ஒரு வாய் மட்டும். ஆஸ்துமா, ஒவ்வாமை உள்ளவர்கள் டாக்டரைக் கேட்டுக்கொள்ளுங்கள். குட்டு மாவு வாங்குகிறவர்களும் பழைய ஸ்டாக் வாங்காதீர்கள். 2011 நவராத்திரியில் தில்லியில் கெட்ட மாவினால் நூற்றுக்கணக்கானவர்கள் ஆஸ்பத்திரிக்குப் போக நேர்ந்தது.

போன தடவை பிள்ளை வீட்டில் இந்தச் சாற்றை நானே வைத்தேன். பேரன் ஒரு வாய் தோய்த்துவிட்டு, "கடைச் சாறு மாதிரி இல்லை" என்றான். அப்புறம் என் கிண்ணத்தையும் எட்டிப் பார்த்தான். மூன்று பேரும் உறிஞ்சிய சத்தம் அடுத்த ஃபிளாட்டுக்குக் கேட்டிருக்கும்.

மேஜையில் இருக்கும் சாறு நேற்று ராத்திரி ஊற வைத்தது. தண்ணீரும் கொதித்துவிட்டது. முன்வரிசையில் இருப்பவர்கள் தட்டுகளை இப்படி நகர்த்துங்கள், நூடுல்ஸைப் போடுகிறேன்.