தெரு, சைக்கிள்



1956 டிசம்பர் 6இல் டெல்லியில் பாபாசாகேப் மறைந்தார். மறுநாள் பம்பாயில் இறுதி ஊர்வலம், லட்சக்கணக்கில் மக்கள். அதைப் படமெடுக்கப் பணம் போட ஆளில்லை. நாம்தேவ் வட்கர் என்ற மராத்தி எழுத்தாளர் தன் உடைமையை அடகு வைத்து எடுத்தார்.

ஆனால் எடுப்பதோடு வேலை முடிவதில்லை. ஃபிலிம் சாகும் பொருள். சூட்டிலும் ஈரத்திலும் கிடந்தால் சுருங்கும், நெளியும். டப்பாவைத் திறந்ததும் வினிகர் வாடை அடிக்கும். அந்த ஆவி பக்கத்து டப்பாவையும் கெடுக்கும்.

நான் பல வருடம் அந்த டப்பாக்களோடு இருந்தவன். சுருளைத் துடைத்து, கிழிந்த இடத்தை ஒட்டி, ஸ்கேன் செய்து, ஒவ்வொரு ஷாட்டுக்கும் ஒரு வரி எழுத வேண்டும். ஆவணப்படக்காரர்கள் கேட்டால் அந்த வரியை வைத்துத்தான் தேடிக் கொடுப்போம். நொடிக்கு இவ்வளவு என்று கட்டணம். அந்த ஒரு வரியைப் பற்றித்தான் பேச வந்தேன்.

ஒரு தோழர், கையால் மலம் அள்ள வைக்கப்பட்டவர்களின் பழைய காட்சி கேட்டார். கணினியில் தேடினேன். இல்லை என்று பதில் அனுப்பினேன். சில மாதம் கழித்து வேறு வேலையாக ஒரு நகரத்துப் படச்சுருளை ஓட்டினேன். தலையில் கூடையோடு ஒரு பெண். கேமராவை நேராகப் பார்க்கிறார், நடக்கிறார். எதிரே வந்த சைக்கிள்காரர் தெருவின் மறுஓரத்துக்கு ஒதுங்கிப் போகிறார். 11 நொடி. பட்டியலில் அந்த ஷாட்டுக்கு எழுதியிருந்தது: 'தெரு, சைக்கிள்.'

தோழரின் படம் அதற்குள் வெளிவந்துவிட்டது.

எழுதியவர் வேண்டுமென்றே செய்தார் என்று நான் சொல்லமாட்டேன். நாளுக்கு இத்தனை சுருள் என்று கணக்கு இருக்கும். ஆனால் அமைச்சர் வந்தால் பெயர், பதவி, தேதி எல்லாம் எழுத நேரம் இருந்திருக்கிறது. நான் எழுதியவற்றையும் எடுத்துப் பார்த்தேன். 'கூட்டம்.' 'கிராம மக்கள்.' 'கூலியாட்கள்.' சேரியில் பிறந்த என் கைதான் அதை எழுதியது.

முகத்தைப் பார்த்துச் சாதியை எழுதச் சொல்லவில்லை, அது இன்னொரு அயோக்கியத்தனம். செய்கிற வேலையை எழுதலாம். ஊர், தெரு எழுதலாம். பெயரை, அந்த ஊருக்குப் போய்க் கேட்கலாம்.

நிறுவனங்கள் இருக்கட்டும். 1991இல் அம்பேத்கர் நூற்றாண்டு விழாவை உங்கள் ஊர்க் கல்யாண வீடியோக்காரர் வி.எச்.எஸ்.இல் எடுத்திருப்பார். 1999இல் தாமிரபரணியில் 17 பேர் செத்த நாளை வீடியோக் காட்சிகள் நமக்குக் காட்டின. அந்த மாதிரி டேப்புகள் பரணில் கிடக்கின்றன. வெள்ளையாய்ப் பூஞ்சை தெரிந்தால் அவசரப்பட்டு பிளேயரில் போடாதீர்கள், டேப்பும் போகும் பிளேயரும் போகும். சுத்தம் செய்யத் தெரிந்தவரிடம் கொடுங்கள். படமாக மாற்றியதும் பெரியவர்களைச் சுற்றி உட்காரவைத்து, யார் யார் என்று கேட்டு எழுதுங்கள்.

என் பெரியப்பா வீட்டில் அப்படி ஒரு டேப் இருக்கிறது, எங்கள் தெருவில் கொடியேற்றிய நாள். அதில் இருப்பவர்களைப் பெயர் சொல்ல இப்போது ஒரு பாட்டிதான் மிச்சம். ஞாயிற்றுக்கிழமை போகிறேன்.