பாதி மாத்திரை, முழு டோஸ்: 'ரெசிமிக்'னா என்ன?

போன வாரம் ஒரே தும்மல். வழக்கமா போடுற செட்ரிசின் 10 மில்லிகிராம் கடையில் இல்லை; வீட்டில் லீவோசெட்ரிசின் 5 மில்லிகிராம் இருந்தது. "பாதிதானே"ன்னு ரெண்டு போட்டேன். மறுநாள் காலை மீட்டிங்கில் தூங்கி வழிஞ்சேன்.

எங்கே தப்பு? செட்ரிசின் ஒரு ரெசிமிக் மருந்து. ஒரே மூலக்கூறு, ஆனா இடது கை, வலது கை மாதிரி ரெண்டு வடிவம், பாதிக்குப் பாதி. ஒண்ணு ஒளியை இடப்பக்கம் திருப்பும், இன்னொண்ணு வலப்பக்கம். சமமா கலந்தா சுழற்சியே மாய்ஞ்சிடும். அதான் நம்ம பிளஸ் டூ புத்தகத்தில் 'சுழிமாய்க் கலவை'.

இங்கிலீஷ் பெயர், திராட்சைக் கொத்தைக் குறிக்கும் லத்தீன் சொல்லிலிருந்து வந்தது. ஒயின் தயாரிப்பில் கிடைச்ச ஓர் அமிலத்துக்கு வெச்ச பேர் அது. 1848-ல் லூயி பாஸ்டர் அதன் உப்புப் படிகங்களை இடது, வலதுன்னு கையாலேயே பிரிச்சார்.

செட்ரிசினில் அலர்ஜியை அடக்குறது பெரும்பாலும் ஒரு பாதிதான். அதை மட்டும் தனியா எடுத்தா லீவோசெட்ரிசின். ஆக, அந்த 5 பழைய 10-க்குச் சமம். நான் போட்டது டபுள் டோஸ்!

மருந்துப் பெயரில் முன்னாடி 'லீவோ', 'டெக்ஸ்'னு இருந்தா, நம்பரை மட்டும் ஒப்பிடாதீங்க. டாக்டரையோ ஃபார்மசிஸ்டையோ கேட்டுட்டுப் போடுங்க.