உளூவின்போது உள்ளங்காலையும் பாருங்கள்

 

தறிக்குழியில் மிதிப்பவர்களுக்கும் வெறுங்காலோடு வீட்டு வேலை பார்ப்பவர்களுக்கும் பாதம் காய்த்து, குதிகால் வெடிக்கிறது. தொழுகை இருப்பில் இடது கணுக்காலும் காய்க்கிறது. இதை நாம் பெரிதாக எண்ணுவதில்லை.

நம் மஹல்லாவில் சர்க்கரை நோயுள்ள ஒரு பெரியவர் காய்ப்பைப் பிளேடால் சீவினார். மரத்துப்போன காலில் காயம் தெரியவில்லை. கடைசியில் ஒரு விரலையே எடுக்க வேண்டியதாயிற்று.

ஆகவே நாம் கேட்டுக்கொள்வது இதுதான். சர்க்கரை இல்லாதவர்கள் வெதுவெதுப்பான நீரில் 10 நிமிடம் காலை ஊறவைத்து, பாதம் தேய்க்கும் கல்லால் மெல்லத் தேயுங்கள். ஈரம் துடைத்து, இஷாவுக்குப் பின் தேங்காய் எண்ணெயோ வாசலினோ தடவுங்கள். ஒரே நாளில் எல்லாவற்றையும் எடுத்துவிட முயலாதீர்கள்.

சர்க்கரை உள்ளவர்களுக்குப் பிளேடும் வேண்டாம், சுடுநீரும் வேண்டாம். கால் ஆணி பிளாஸ்திரியும் வேண்டாம். அதிலுள்ள அமிலம் நல்ல தோலையும் அரித்துவிடும். காய்ப்புக்கு அடியில் புண் மறைந்திருக்கலாம். அரசு மருத்துவமனையில் காட்டுங்கள்.

தினம் ஐவேளை காலைக் கழுவுகிறோம். ஒரு வேளையாவது உள்ளங்காலைத் திருப்பிப் பாருங்கள். விரலிடுக்கில் ஈரம் துடையுங்கள். பார்வை மங்கிய வாப்பா, உம்மாவுக்குப் பிள்ளைகள் பார்த்துச் சொல்லட்டும். இந்த உடல் அல்லாஹ் நம்மிடம் ஒப்படைத்த அமானிதம்.