காலம் எப்போது சரியாக இருந்தது?



இந்நேரம் நீங்கள் என் பேச்சைக் கேட்டுக்கொண்டிருக்கக் கூடாது; ஒரு குறும்படம் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். எங்கள் பிள்ளைகள் எடுத்த பரிசோதனைப் படம். ஓர் இளைஞன், ஓர் ஒலிபெருக்கி. எழும்பு, இரு, நட என்று அது உறுக்குகிறது. கடைசியில் அவன் அசைய மறுக்கிறான். அவ்வளவுதான் கதை. மண்டபத்துக்குக் காசு கட்டிய பிறகு, "இப்ப வேண்டாம் தம்பி, காலம் சரியில்லை" என்று திறப்பைத் தர மறுத்துவிட்டார்கள்.

ஐயா, எப்போது உங்களுக்குக் காலம் சரியாக இருந்தது?

2000இல் இயக்குநர் பிரசன்ன விதானகேயின் 'புரஹந்த களுவர' படத்தை இலங்கை அரசாங்கம் நிறுத்தியது. கதையில், படைக்குப் போன மகன் முத்திரையிட்ட சவப்பெட்டியில் வருகிறான். கண் தெரியாத தகப்பன் நம்பவில்லை. கடைசியில் குழியைத் தோண்டிப் பெட்டியைத் திறந்தால், உள்ளே வாழைக்குற்றியும் கல்லும்! தகப்பனாக நடித்த ஜோ அபேவிக்ரமவின் அந்த முகம் இருக்கிறதே, பிள்ளையைத் தேடி அலையும் எங்கள் தாய்மாருக்கு அதை விளங்கப்படுத்தத் தேவையில்லை. போர் நடக்கிறது, இப்ப வேண்டாம் என்றார்கள். விதானகே உயர் நீதிமன்றம் போனார். படத்தைக் காட்டு, ஐந்து இலட்சம் ரூபா நட்டஈடு கொடு என்று 2001இல் தீர்ப்பு வந்தது.

படங்களைத் தடுக்கச் சட்டம் இருக்கிறதாம். 1912இல் வெள்ளைக்காரன் போட்ட சட்டம்! முதல் சிங்களப் பேசும்படம் வந்ததே 1947இல்தான். பிள்ளை பிறக்க 35 வருடம் முன்பே விலங்கு செய்து வைத்தவன் போய்விட்டான். விலங்கைத் துடைத்து மினுக்குகிறவர்கள் நம்மவர்கள்.

அரசாங்கத்தை மட்டும் ஏசிவிட்டு இறங்கமாட்டேன். 2014இல் சென்னையில் அதே விதானகேயின் படத்தைத் தியேட்டர்க்காரர் நிறுத்தினார்கள், தமிழரின் பெயரால் வந்த மிரட்டலுக்குப் பயந்து. அந்தப் படத்தின் கதையில் நாயகி ஒரு தமிழ்ப் பெண்! ஜூட் ரட்ணத்தின் 'டீமன்ஸ் இன் பரடைஸ்' படம் கான் திரைப்பட விழாவுக்குப் போனது. 2018இல் யாழ்ப்பாண சர்வதேச சினிமா விழாவிலிருந்து விலக்கப்பட்டது. ஆயுத இயக்கங்களைப் பற்றி ஒரு தமிழன் கேள்வி கேட்டால் சனத்தின் மனம் புண்படுமாம். ஷெல்லடியைத் தாங்கிய சனம் ஒரு படத்துக்கு உடைந்துபோகுமா? எங்களை என்னவென்று நினைத்தீர்கள்? அங்கேயும் அதே பல்லவி: இப்ப வேண்டாம், இப்ப வேண்டாம்!

ஞாயிறு இரவு ஏழு மணிக்குப் பக்கத்து ஒழுங்கையில் ஒருவர் தன் வீட்டு முற்றத்தைத் தந்திருக்கிறார். வெள்ளைச் சீலை கட்டி எங்கள் பிள்ளைகளின் படத்தைக் காட்டப்போகிறோம். பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு வாருங்கள். மண்டபக்காரரும் வரட்டும். பிடிக்காவிட்டால் எழும்பி நின்று திட்டுங்கள். ஆனால் பார்த்துவிட்டுத் திட்டுங்கள்!